மடியில் ஏறிய ஓணான்!

"வேலியில் போகிற ஓணானை மடியில் விட்டுக்கொண்டு, குத்துதே குடையுதே என்றானாம்!" வேண்டாத வம்பை விலைக்கு வாங்குகிறவர்களைப் பற்றி எங்கள் பாட்டி இப்படித்தான் சொல்வாள். நானும் எத்தனையோ பேரைப் பார்த்து இதைச் சொல்லிச் சிரித்திருக்கிறேன். அந்தப் பழமொழியில் வருகிற ஆசாமி நானாகவே ஆகிவிடுவேன் என்று அப்போது யார் கண்டது?

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது ஒரு முழத்துக்கு மேல் நீளமுள்ள ஓர் ஓணான் என் மடியில் படுத்திருக்கிறது. குத்தவும் இல்லை, குடையவும் இல்லை. நான் பேனாவை நகர்த்தினால் ஒரு கண்ணைத் திறந்து பார்க்கிறது. 'நீதானா' என்பதுபோல் மறுபடி மூடிக்கொள்கிறது.

நாங்கள் பொள்ளாச்சிப் பக்கம். என் கணவரின் வேலை காரணமாக 2022ஆம் வருஷம் சிட்னிக்குக் குடிவந்தோம். அப்போது எங்கள் ஒரே மகனுக்குப் பத்து வயது. ஊரில் தெருவே அதிரும்படி கத்திக்கொண்டு திரிந்த பையன், இங்கே வந்தபிறகு வாயே திறக்கவில்லை. பள்ளிக்கூடம் விட்டு வருவான், சாப்பிடுவான், அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்வான். "என்னடா கண்ணா?" என்று கேட்டால், "ஒண்ணுமில்லேம்மா." அந்த 'ஒண்ணுமில்லே'யைக் கேட்கும்போது வயிற்றைப் பிசையும். பெற்றவர்களுக்குத்தான் அது தெரியும்.

ஒருநாள் அவனாகவே வந்து, "அம்மா, எனக்கு ஒரு பியர்டட் டிராகன் வேணும்" என்றான். நாய், பூனை என்றிருந்தால் நான் யோசித்திருப்பேன். வாடகை வீட்டுக்காரர் அதற்குச் சம்மதிக்கவில்லை. டிராகன் என்றதும் ஏதோ பொம்மை என்று நினைத்துத் தலையாட்டிவிட்டேன். படத்தைக் காட்டினான் பாருங்கள், எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அது ஓணான்! தாடி வைத்த ஓணான்!

பல்லி விழுந்தால் பலன் பார்த்துத் தலைமுழுகுகிற வீட்டில் பிறந்தவள் நான். "முடியவே முடியாது" என்றேன். பையன் எதிர்த்து ஒரு வார்த்தை பேசவில்லை. பழையபடி அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். அந்தக் கதவுச் சத்தம்தான் என்னை மாற்றியது.

வீட்டுக்கு வந்த விருந்தாளி

'பியர்டட்' என்றால் தாடியுள்ளது என்று அர்த்தம். தாடைக்குக் கீழே முள்முள்ளாகத் தொங்கும் தோலைப் பயந்தாலோ கோபித்தாலோ உப்பிக் கறுப்பாக்கிக் காட்டும். பார்த்தால் தாடி வளர்த்த பெரியவர் மாதிரியே இருக்கும். உடம்பின் ஓரங்களிலும் முள் வரிசை உண்டு. தொட்டால் குத்தாது, துடைப்பக் குச்சி நுனிபோல் மெத்தென்றுதான் இருக்கும்.

இதற்குச் சொந்த ஊர் ஆஸ்திரேலியாவின் வறண்ட உட்பகுதி. நம் ஊர் வேலி ஓணான் இருக்கிறதே, இரண்டும் ஒரே குடும்பம். ஒன்றுவிட்ட அண்ணன் தம்பி என்று சொல்லலாம். நாங்கள் இருக்கும் நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் இதை வளர்க்க அரசாங்க உரிமம் வேண்டும். காட்டிலிருந்து பிடித்துவரக் கூடாது. என் கணவர் பெயரில் உரிமம் வாங்கி, பல வருஷமாக இவற்றை வளர்த்துவரும் ஒரு வயதான அம்மாளிடமிருந்து 2023 பிப்ரவரியில் ஒரு குட்டியைக் கொண்டுவந்தோம். முட்டையிலிருந்து வெளிவந்து எட்டு வாரம்தான் ஆகியிருந்தது. வாலோடு சேர்த்து ஒரு சாண் நீளம்கூட இல்லை.

கண்ணாடித் தொட்டிக்குள் ஒரு கல்லின்மேல் ஏறி, கழுத்தை நிமிர்த்தி, அசையாமல் உட்கார்ந்தது. "தாடியும் தவமுமாப் பார்த்தா முனிவர் மாதிரியே இருக்கே!" என்றார் என் கணவர். அன்றிலிருந்து அதன் பெயர் 'முனி'.

ஊரிலிருந்து என் மாமியார் போனில் பேசினார். "ஏம்மா, ஓணானைக் காசு குடுத்தா வாங்கினீங்க? இங்கே சொல்லியிருந்தா வேலியிலிருந்து நாலு புடிச்சு அனுப்பியிருப்பேனே! அதுக்குப் பேரு வேற வெச்சிருக்கீங்க, முனின்னு! ராத்திரி நேரத்துல அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிடாதீங்க, ஆமா!"

முதல் வாரம் செய்த தப்பு

பையனுக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் கையில் எடுப்பான். தோளில் வைப்பான். தலையைத் தடவுவான். பக்கத்து வீட்டுப் பையன்களைக் கூப்பிட்டுக் காட்டுவான். ஒரு மாலைக்குள் இருபது தடவையாவது வெளியே எடுத்திருப்பான். பிரியத்தில் செய்தான்; நானும் விட்டுவிட்டேன்.

நாலாம் நாள் முனி சாப்பிடவில்லை. தாடி கறுத்துப்போய், வயிற்றில் கரிக்கோடு இழுத்ததுபோல் கோடுகள். கிட்டே போனால் ஓடி ஒளிந்தது. பையன் முகம் சுருங்கிவிட்டது. "அதுக்கு என்னைப் பிடிக்கலைம்மா" என்றான்.

குட்டியைக் கொடுத்த அந்த அம்மாளிடம் போனில் கேட்டோம். அவர் சொன்னது எனக்கு இன்றும் காதில் இருக்கிறது. "நேற்று வரைக்கும் அது உங்களைப் பார்த்ததே இல்லை. அதோட உயரத்துக்கு நீங்க ஒரு மலை. அந்த மலை வந்து இருபது தடவை தூக்கினால் அது என்ன நினைக்கும்? பத்து நாள் தொடாதீர்கள். சாப்பாடு வையுங்கள், தண்ணீர் வையுங்கள், பக்கத்தில் உட்காருங்கள். அவ்வளவுதான்."

எனக்குச் சுரீரென்றது. புது ஊரில், புது பாஷைக்கு நடுவில் திண்டாடிய என் பையனையும் நான் அப்படித்தானே துளைத்திருக்கிறேன்? "என்னடா? என்ன ஆச்சு? ஏன் பேசமாட்டேங்கறே?" என்று ஒரு நாளைக்கு இருபது தடவை!

அதற்கும் ஒரு பாஷை உண்டு

அந்தப் பத்து நாட்கள் பையன் ஒரு நோட்டுப் புத்தகமும் பென்சிலுமாகத் தொட்டிக்கு முன்னால் உட்கார்ந்துவிட்டான். முனி என்ன செய்கிறதோ அதையெல்லாம் எழுதினான். பிறகு நூலகத்துப் புத்தகங்களைப் பார்த்தும், அந்த அம்மாளைக் கேட்டும் அர்த்தம் கண்டுபிடித்தோம். அவற்றில் முக்கியமானவை இவை.

*தாடியை உப்பிக் கறுப்பாக்குவது:* பயம் அல்லது கோபம். 'கிட்டே வராதே' என்று அர்த்தம். அப்போது தொடவே கூடாது.

*முன்காலைத் தூக்கி மெதுவாக ஆட்டுவது:* இதைப் பார்த்துவிட்டு, "டாட்டா சொல்லுதும்மா!" என்று பையன் குதித்தான். அது டாட்டா இல்லையாம்! 'நீ பெரியவன், நான் சின்னவன், என்னை ஒன்றும் செய்யாதே' என்று பணிந்துபோவதாம். குட்டிகள் அடிக்கடி இப்படிச் செய்யும்.

*தலையை வேகமாக ஆட்டுவது:* 'இங்கே நான்தான் ராஜா' என்ற மிடுக்கு. பெரும்பாலும் வளர்ந்த ஆண்கள் செய்வது.

*வாயைத் திறந்துகொண்டே உட்காருவது:* விளக்கின்கீழ் குளிர்காயும்போது இப்படி இருந்தால் பயப்படவேண்டாம். உடம்பில் ஏறிய உஷ்ணத்தை வெளியே விடுகிறது. நாய் நாக்கைத் தொங்கப்போடுகிற மாதிரி.

*காலையில் உடம்பு கறுத்திருப்பது:* கறுப்பு நிறம் சூட்டைச் சீக்கிரம் இழுக்கும் அல்லவா? சூடு ஏறியதும் வெளுத்துவிடும்.

*நாக்கை நீட்டி எதையாவது தொடுவது:* மோப்பம் பிடிப்பது. என் விரலையும் வளையலையும்கூட இப்படித்தான் ஆராய்ந்தது.

இன்னொரு அதிசயம் கேளுங்கள். இதன் உச்சந்தலையில் கடுகளவுக்கு ஒரு புள்ளி இருக்கிறது. மூன்றாவது கண்! அதனால் உருவத்தைப் பார்க்க முடியாது. வெளிச்சம், நிழல் மட்டும் தெரியும். காட்டில் மேலிருந்து விழும் நிழல் என்றால் பருந்துதான். நாம் தொட்டிக்கு மேலிருந்து கையை நீட்டினால் அதற்கு நாமும் பருந்துதான்! முதல் நாலு நாட்களில் எத்தனை பருந்து வந்து எத்தனை தடவை தூக்கியிருக்கும் என்று நினைத்துப் பாருங்கள்.

'ஓணானுக்கு மூளை ஏது?' என்று கேலி செய்கிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். இங்கிலாந்தில் லிங்கன் பல்கலைக்கழகத்தார் 2014இல் ஒரு பரிசோதனை செய்தார்கள். ஒரு தாடி ஓணான் சிறு கதவைத் தலையால் தள்ளித் திறப்பதைப் படமெடுத்து மற்ற ஓணான்களுக்குக் காட்டினார்கள். படத்தைப் பார்த்தவை அதேபோல் கதவைத் திறந்தனவாம். 2016இல் ஜெர்மனியில் பிராங்க்பர்ட் நகரத்து விஞ்ஞானிகள் இதன் தூக்கத்தை ஆராய்ந்து, நமக்கு இருப்பதுபோலவே இதற்கும் இரண்டு வகைத் தூக்கம் மாறிமாறி வருகிறது என்று கண்டுபிடித்தார்கள். பார்த்துக் கற்கிறது, நம்மைப்போலவே தூங்குகிறது. இதைப் போய் வெறும் ஜந்து என்று நினைத்தேனே!

சிக்கனம் செய்த வினை

இனிமேல் சொல்லப்போவது என் தப்பு. மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

தொட்டியில் இரண்டு விளக்குகள் உண்டு. ஒன்று சூடு தருகிற பல்பு. அதன்கீழ் இருக்கும் கல் 40 டிகிரி செல்ஸியஸ் வரை சுடவேண்டும். தொட்டியின் மறுகோடி 25 டிகிரி போலக் குளுமையாக இருக்கவேண்டும். தன் உடம்புக்கு வேண்டிய உஷ்ணத்தை அது தானே இங்குமங்கும் நகர்ந்து தேடிக்கொள்ளும். உடம்பு சூடேறினால்தான் சாப்பிட்டது ஜீரணமாகும். இன்னொன்று நீளமான டியூப் லைட். வெயிலில் இருக்கும் புற ஊதாக் கதிரை அது தருகிறது.

எனக்கு அந்த டியூப் லைட்டைப் பார்த்தாலே உறுத்தும். பட்டப்பகலில் எதற்கு லைட்? கரண்ட் பில் என்ன ஆவது? இந்த நாட்டில் வெயில் வடக்கு ஜன்னல் வழியாக வரும். அந்த ஜன்னலோரம்தான் தொட்டி. "இவ்வளவு வெளிச்சம் இருக்கிறதே, போதாதா?" என்று, பையன் பள்ளிக்கூடம் போனதும் டியூப் லைட்டை அணைத்துவிடுவேன். அவன் வருவதற்கு முன்னால் போட்டுவிடுவேன். நாம் எல்லோரும் செய்கிற சிக்கனம்தானே?

அத்தோடு விட்டேனா? 'கீரை உடம்புக்கு நல்லது' என்று, எங்களுக்கு வாங்குகிற பசலைக்கீரையையே அதற்கும் தினம் நறுக்கி வைத்தேன்.

ஏப்ரல் மாதம் பள்ளி விடுமுறையில் ஒருநாள் காலை, பையன் அலறிக்கொண்டு வந்தான். "அம்மா, முனி காலு நடுங்குது!" ஓடிப்போய்ப் பார்த்தேன். கல்லின்மேல் ஏறப் பார்த்து வழுக்கி விழுந்தது. பின்கால் விரல்கள் தானாகத் துடித்தன. பூச்சியைக் கண்டால் பாய்கிற குட்டி, பக்கத்தில் வந்த பூச்சியையும் பிடிக்கவில்லை.

ஊர்வன பார்க்கிற மிருக வைத்தியரிடம் எடுத்துக்கொண்டு ஓடினோம். எக்ஸ்ரே எடுத்தார். எலும்பெல்லாம் தெளிவில்லாமல் மங்கலாகத் தெரிந்தது. "கால்சியம் போதவில்லை. டியூப் லைட் எத்தனை மணி நேரம் எரிகிறது?" என்றார். பையன் என்னைப் பார்த்தான். "காலையிலேருந்து ராத்திரி வரைக்கும்" என்று அவன்தான் பதில் சொன்னான். நான் வாய் திறக்கவில்லை.

டாக்டர் பொறுமையாக விளக்கினார். சாப்பாட்டில் எவ்வளவு கால்சியம் இருந்தாலும் அது உடம்பில் சேரவேண்டுமானால் வைட்டமின் டி வேண்டும். அதை உண்டாக்கப் புற ஊதாக் கதிர் வேண்டும். ஜன்னல் கண்ணாடி வெளிச்சத்தை விடும். அதற்கு வேண்டிய அந்தக் கதிரைத் தடுத்துவிடும். ஜன்னலுக்குள் வருகிற வெயில் கண்ணுக்குத்தான் வெயில், எலும்புக்கு இல்லை. போதாக்குறைக்கு நேர் வெயில் பட்டால் கண்ணாடித் தொட்டி அடுப்பாகிவிடுகிற ஆபத்தும் உண்டு. பசலைக்கீரையைப் பற்றியும் சொன்னார். அதிலுள்ள ஆக்ஸலேட் என்கிற சத்து, கால்சியத்தைப் பிடித்துவைத்துக்கொண்டு உடம்பில் சேரவிடாதாம். மாதக்கணக்கில் வேகமாக வளர்கிற குட்டி இது. வளர்கிற பருவத்தில் எலும்புக்குப் பட்டினி போட்டால் தாடை மெலிந்து, கால் வளைந்து, உயிருக்கே ஆபத்தாகும் என்றார்.

அன்று ராத்திரி பையன் தூங்கவில்லை. "கால்சியம் பொடியை நான்தான் சரியாத் தூவலையாம்மா? என்னாலதானே?" என்று கேட்டுக் கேட்டு அழுதான். "இல்லடா கண்ணா" என்றேனே தவிர, நிஜத்தைச் சொல்ல நாக்கு எழவில்லை. இரண்டு நாள் அந்தப் பாரத்தைச் சுமந்தேன். மூன்றாம் நாள் சமையல்கட்டில் அவனை உட்காரவைத்து, "தினம் லைட்டை அணைச்சது நான்தான். கரண்ட் பில்லுக்குப் பயந்து செஞ்சேன். உன் மேல தப்பே இல்லை" என்றேன்.

அவன் ஒன்றும் பேசாமல் எழுந்து போனான். எனக்கு உயிரே போய்விட்டது. மறுநாள் காலை பார்க்கிறேன், சுவிட்சுக்குமேல் ஒரு காகிதம் ஒட்டியிருந்தது. அவன் மறந்துகொண்டிருந்த தமிழில், கோணல்மாணலாக, 'அம்மா அனைக்காதே' என்று எழுதியிருந்தான். 'ணை'க்குப் பதில் 'னை'. அந்தத் தப்பை நான் திருத்தவில்லை. காகிதம் இன்னும் அங்கேயே இருக்கிறது.

கை பழகிய கதை

டாக்டர் எழுதிக்கொடுத்த கால்சியம் மருந்தைத் தினம் சொட்டுச்சொட்டாகக் கொடுக்கவேண்டும். விடுமுறை முடிந்து பையன் பள்ளிக்கூடம் போய்விட்டான். என் கணவர் ஆபீஸ் போய்விடுவார். மிச்சம் யார்? நான்தான்! ஓணானைத் தொடமாட்டேன் என்று சபதம் போட்டவள், சொட்டுக்குழாயோடு தொட்டி முன்னால் நின்றேன்.

வாயைப் பிளந்து ஊற்றவில்லை. டாக்டர் காட்டிக்கொடுத்தபடி உதட்டோரம் ஒரு சொட்டு வைத்தேன். நாக்கை நீட்டி நக்கிக்கொண்டது. அடுத்த சொட்டு. இப்படியே கால் மணி நேரம். குழந்தைக்குச் சங்கில் மருந்து புகட்டினவர்களுக்கு இது கைவந்த கலைதானே! நாலைந்து நாளில் என் குரல் கேட்டதும் தலையைத் திருப்பியது. பதினைந்து நாளில், கையை நீட்டினால் விரலின்மேல் ஒரு காலை எடுத்து வைத்தது. அந்தக் காலின் எடை ஒரு மல்லிகை மொட்டுக்குமேல் இராது. எனக்கோ உடம்பெல்லாம் சிலிர்த்தது.

எங்கள் அனுபவத்தில் குட்டியைக் கைக்குப் பழக்கும் முறை இதுதான்:

புதிதாக வந்ததும் ஒரு வாரம் பத்து நாள் தொடாமல் விட்டுவிடுங்கள். சாப்பாடு வைக்கும்போது மெதுவாகப் பேசுங்கள். பிறகு கையைப் பக்கவாட்டில், தாழ்வாக நீட்டித் தரையோடு வைத்து அசையாமல் இருங்கள். அதுவாக வந்து மோப்பம் பிடிக்கட்டும். அதற்கடுத்து ஒரு கீரை இலையை விரலில் பிடித்துக் கொடுங்கள். வாங்கிச் சாப்பிட ஆரம்பித்தபின் தூக்கலாம். வயிற்றுக்குக் கீழே உள்ளங்கையைக் கொடுத்து, நாலு காலும் கையில் பதியும்படி ஏந்தவேண்டும். வாலைப் பிடித்துத் தூக்கவே கூடாது. பல்லிக்கு வால் அறுந்தால் முளைக்கும், இதற்கு முளைக்காது. முதலில் ஐந்து நிமிஷம் போதும். தரையில் உட்கார்ந்து வைத்துக்கொண்டால், குதித்தாலும் அடிபடாது. சாப்பிட்ட உடனே தூக்கக்கூடாது. விளக்கின்கீழ் படுத்து ஜீரணிக்க விடவேண்டும். தாடி கறுத்தால் அன்றைக்கு அவ்வளவுதான், வைத்துவிடுங்கள்.

தடவிக்கொடுக்கும்போது கண்ணை மூடினால் சொக்கிப்போய்விட்டது என்று நினைக்காதீர்கள். 'இது எப்போது முடியும்' என்றும் மூடுமாம். அந்த அம்மாள் சொன்னார். கையிலிருந்து விலகாமல், உடம்பைத் தளர்த்தி, நிறம் மாறாமல் இருந்தால்தான் நிம்மதியாக இருக்கிறது என்று அர்த்தம்.

'தனியாக இருக்கிறதே பாவம்' என்று ஜோடி சேர்க்கவும் வேண்டாம். இவை தனியாக வாழப் பிறந்தவை. இரண்டு குட்டிகளை ஒன்றாகப் போட்டால் விரலையும் வாலையும் கடித்துவிடும். ஒன்றின் முதுகில் ஒன்று ஏறிப் படுத்திருக்கும் படங்களைப் பார்த்து, 'எவ்வளவு ஒற்றுமை!' என்போம். மேலே இருப்பது நல்ல வெயிலைப் பிடித்துக்கொண்டது. கீழே இருப்பதற்குக் கிடைக்கவில்லை. விஷயம் அவ்வளவுதான்!

சாப்பாடு, சுத்தம்

குட்டிப் பருவத்தில் பூச்சிதான் முக்கிய உணவு. ஒரு நாளைக்கு இரண்டு மூன்று வேளை. இங்கே சுவர்க்கோழிப் பூச்சியை டப்பாவில் போட்டு விற்கிறார்கள். பூச்சி, அதன் இரண்டு கண்களுக்கு நடுவில் உள்ள இடைவெளியைவிடப் பெரிதாக இருக்கக்கூடாது. கால்சியம் பொடியில் புரட்டிப் போடவேண்டும். மிச்சப் பூச்சியைத் தொட்டியில் விட்டுவிட்டால் ராத்திரியில் அது குட்டியைக் கடிக்கும். (ஒரு தடவை டப்பா மூடி திறந்துகொண்டு, பூச்சிகள் என் சமையல்கட்டு முழுவதும் கச்சேரி செய்ததைத் தனியாகத்தான் எழுதவேண்டும்!) வளர வளரப் பூச்சியைக் குறைத்துக் கீரை, காயை அதிகமாக்கவேண்டும். கடுகுக்கீரை, துருவிய பரங்கிக்காய் நல்லது. அவகேடோ என்கிற வெண்ணெய்ப்பழம் இதற்கு விஷம், கண்ணிலேயே காட்டக்கூடாது. மின்மினிப் பூச்சியும் விஷம்.

குட்டி இருக்கும் தொட்டியில் மணல் பரப்பவேண்டாம். பூச்சியோடு மணலையும் விழுங்கிக் குடல் அடைத்துக்கொள்ளும். காகிதம் விரித்தாலே போதும். தோல் உரியும்போது பிய்த்து எடுக்காதீர்கள். ராத்திரியில் எல்லா விளக்கையும் அணைத்துவிடுங்கள். டியூப் லைட் எரிந்துகொண்டே இருந்தாலும் நாளாக ஆக அதன் கதிர் குறைந்துவிடும். தயாரிப்பாளர் சொல்லும் கெடுப்படி மாற்றிவிடவேண்டும்.

இளம் தாய்மார்கள் இதை அவசியம் கவனிக்கவேண்டும். ஊர்வனவற்றின் உடம்பிலும் மலத்திலும் சால்மோனெல்லா என்ற கிருமி இருக்கலாம். அதற்கு ஒன்றும் செய்யாது. நமக்கு வயிற்றுப்போக்கும் ஜுரமும் கொண்டுவரும். ஆகவே தொட்டபின் சோப்புப் போட்டுக் கை கழுவியே ஆகவேண்டும். முத்தம் கொடுக்கக்கூடாது. அதன் பாத்திரங்களைச் சமையல்கட்டுத் தொட்டியில் கழுவக்கூடாது. ஐந்து வயதுக்குக் குறைந்த குழந்தை இருக்கும் வீட்டில் இவற்றை வளர்க்கவேண்டாம் என்பதே டாக்டர்கள் அபிப்பிராயம். வாயும் வயிறுமாக இருப்பவர்களும், வயதானவர்களும், நோயாளிகளும் விலகி இருப்பது நல்லது. அதோடு, நன்றாக வளர்த்தால் இது பத்து வருஷம்கூட இருக்கும். அத்தனை வருஷமும் பார்த்துக்கொள்ள முடியுமா என்று யோசித்துவிட்டே இறங்கவேண்டும்.

ஊரில் இருக்கும் சகோதரிகளே, இதைப் படித்துவிட்டு வேலி ஓணானைப் பிடித்துப் பெட்டியில் அடைத்துவிடாதீர்கள். அது வேலியில்தான் சுகமாக இருக்கும். பிள்ளைகள் ஈர்க்கில் சுருக்குப் போட்டுப் பிடிப்பதையும், கல்லால் அடிப்பதையும் தடுத்தாலே பெரிய புண்ணியம். ஒரு நோட்டுப் புத்தகத்தைக் கையில் கொடுத்து, "தள்ளி உட்கார்ந்து, அது என்ன செய்யுதுன்னு எழுதுடா" என்று சொல்லிப் பாருங்கள்.

இப்போது...

முனிக்கு மூன்று வயது தாண்டிவிட்டது. நடுக்கம் இரண்டு மாதத்தில் நின்றது. எலும்பும் தேறிவிட்டது. ஆனால் வலது பின்காலில் ஒரு விரல் கோணலாகவே நின்றுவிட்டது. அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த சுவிட்சு ஞாபகம் வரும். பிரியம் இருந்தால் மட்டும் போதாது; எதிரே இருக்கிற ஜீவனுக்கு என்ன வேண்டும் என்று தெரிந்துகொள்ளவும் வேண்டும். அதை எனக்குச் சொல்லிக்கொடுக்க ஓர் ஓணான் ஒரு விரலைக் கொடுக்கவேண்டியிருந்தது.

அதற்கு என்மேல் பாசமா என்று கேட்டால், எனக்குச் சொல்லத் தெரியாது. நாய் மாதிரி வாலாட்டாது, பூனை மாதிரி உரசாது. என்னைக் கண்டு பயப்படுவதில்லை. கையை நீட்டினால் அதுவாக ஏறுகிறது. எனக்கு இது போதும்.

பையன் இப்போது ஒன்பதாம் வகுப்பு. கதவைச் சாத்திக்கொள்வதில்லை. பள்ளிக்கூடத்தில் ஊர்வனவற்றைப் பற்றிப் பேசச் சொன்னார்களாம். முக்கால் மணி நேரம் நிறுத்தாமல் பேசினானாம். நான் இப்போதெல்லாம் "என்னடா ஆச்சு?" என்று துளைப்பதில்லை. மாலையில் தொட்டிக்குப் பக்கத்தில் ஆளுக்கொரு பக்கமாக உட்கார்ந்துகொள்வோம். கொஞ்ச நேரம் சும்மா இருந்தால், அவனாகவே பேச ஆரம்பித்துவிடுகிறான்.

போன வாரம் என் மாமியார் போன் செய்தார். எங்கள் சௌக்கியமெல்லாம் கேட்டு முடித்தார். வைத்துவிடுவார் என்று பார்த்தால், குரலைக் கொஞ்சம் தாழ்த்திக்கொண்டு, "அது சரி... முனி சாப்பிட்டானா?" என்றார்.